தாடையில் ஒட்டிய தயிர்

இனிக் குனியலாம் என்று கண் டாக்டர் சொன்ன மறுநாள் காலையிலேயே அருணகிரி சவரப்பெட்டியை எடுத்துவிட்டார். பிறந்ததிலிருந்தே படுக்கையில் கிடக்கும் மகன் சின்னுவுக்கு, மீசை அரும்பிய நாள்தொட்டு அவர்தான் சவரம் செய்கிறார். தன் கண்ணில் புரை முற்றிய பிறகும் விரலால் தடவிப் பார்த்தே மழித்துவந்தார். ஆபரேஷனுக்குப் பின் கை வைக்காததில் தாடி மண்டிவிட்டது.

கட்டிலில் உட்கார்ந்து மகனின் முகத்தருகே குனிந்தார். தாடையில் வெள்ளையாக ஏதோ ஒட்டியிருந்தது. காலையில் ஊட்டிய தயிர்சாதமாக இருக்கும் என்று ஈரத்துண்டால் துடைத்தார். போகவில்லை. அழுத்தித் துடைத்தார். அப்பா விளையாடுகிறார் என்று சின்னு கெக்கலித்துச் சிரித்தான். சிரித்த முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிப் பார்த்தார். நரை. தாடையில் மட்டுமில்லை, காதோரம் வரைக்கும்.

"ஏங்க, கொழந்தை மூஞ்சி நல்லாத் தெரியுதா?" என்று கட்டில் விளிம்பைத் தடவிக்கொண்டே வந்து நின்றாள் வேதவல்லி. அவளுக்கும் இரண்டு கண்ணிலும் புரைதான். "எனக்கும் ஆபரேஷனுக்குச் சொல்லிடுங்க. அவனை ஒருக்கா தெளிவாப் பாத்துடணும்."

அருணகிரி பிரஷ்ஷை நனைத்து சோப்பைக் குழைத்தார். கன்னம், தாடை, காதோரம் என்று ஓர் இடம் விடாமல் நுரையை அப்பினார்.

"பண்ணிக்கலாம், இப்ப என்ன அவசரம்" என்றார். "நீ கடைசியாப் பாத்த மாதிரியேதான் இருக்கான்."