காலியாகத் திரும்பாத கேரியர்

“அந்த ஜப்பான்காரி வீட்டுக்கு இனிமே ஒரு பருக்கை சோறு போகக் கூடாது, பிரிஜட்.”

காலையிலிருந்து இது நாலாவது தடவை. மாமியார் பிலோமினம்மாள் டிபன் கேரியரை மடியில் இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“குடுங்க அத்தை. குழம்பு ஆறுது.”

“ஆறட்டும்.”

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. யுத்தக் காலத்தில் மாமனாரைச் சயாம் ரயில் பாதை போடப் பிடித்துப் போனது ஜப்பான்காரர்கள்தான். அவர் திரும்பவே இல்லை. அதற்குப் பக்கத்து வீட்டு ஃபுமிகோ என்ன செய்வாள்? அப்போது அவள் பிறக்கவே இல்லை. செம்பவாங்கில் அவள் புருஷன் வேலை பார்த்த கம்பெனியை மூடிவிட்டார்கள். ஊருக்குத் திரும்ப முகமில்லாமல், இங்கே ஈசூனில் எங்களுக்குப் பக்கத்து ஒற்றை அறை வீட்டுக்குள் மகளோடு முடங்கிக் கிடக்கிறார்கள்.

“நாற்பது வருஷப் பகையைச் சின்னப் பிள்ளை வயித்துல காட்டுறீங்களே, பூசைக்குப் போய் என்ன பிரயோசனம்?”

“பகையா? கேரியர் ஒரு நாளாவது காலியா திரும்பி வந்துச்சா?”

இல்லை. மரியாதை தெரிந்த சனம். முதலில் விசிறி வந்தது. அப்புறம் அரக்குக் கிண்ணம். போன வாரம் பட்டுடுத்திய பொம்மை. எல்லாம் என் ஷோகேஸில் இருக்கிறது. பங்குச் சாமியாரே பார்த்துப் புகழ்ந்தார்.

“நம்மளை மாதிரிதான் அவளும்,” என்றார் அத்தை. “வாங்கின பாத்திரத்தை வெறுமனே அனுப்ப மாட்டா. அரிசி இருந்தா அரிசி போட்டிருப்பா. அது இல்லாமத்தான் வீட்டுல இருக்கிறதை எடுத்துப் போடுறா.”

“நான் எதையும் கேக்கலையே, அத்தை.”

“நீ கேக்கல. மூணு மணிக்கு நீ தூங்கிடுவ. பள்ளிக்கூடம் விட்டு அந்தப் பொண்ணு வந்து நம்ம சன்னல் கம்பியைப் புடிச்சுக்கிட்டு நிக்கும். உள்ள இருக்கிற பொம்மைகிட்ட ரகசியமா பேசும். நான் இருமினா ஓடிடும். இப்பல்லாம் அடக்கிக்கிறேன்.”

ஷோகேஸைத் திறந்து பொம்மையை எடுத்தேன்.

“திருப்பிக் குடுத்துடாத, அவளுக்கு அவமானம். ஏதாவது உதவி கேக்கிற மாதிரி கேளு.”

பொம்மையோடு போய் ஃபுமிகோ வீட்டுக் கதவைத் தட்டினேன். உள்ளே பேச்சுக் குரல் சட்டென்று நின்றது. கதவு திறக்கவில்லை. மறுபடி தட்டினேன்; சின்னக் காலடிகள் ஓடிவந்து, கதவுக்குப் பின்னால் நின்றன. யாரோ பிள்ளையை இழுத்துப் போனார்கள்.

மூன்றாவது முறை தட்டாமல், கதவில் வாயை வைத்து எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் கேட்டேன்.

“ஃபுமிகோ, இந்தப் புழுக்கத்துல பட்டுல பூஞ்சை புடிக்குது. எனக்குப் பார்த்துக்கத் தெரியல. உன் மக கொஞ்ச நாள் வச்சுப் பார்த்துக்குவாளா?”