பேர் சொல்ல ஒரு வண்டு

“எனக்குப் பேர் சொல்ல ஒண்ணு வந்தாச்சு!” என்று தலைவர் தொலைபேசியில் பூரித்தார்.

மறுமுனையில் மனைவிக்குத் தூக்கிவாரிப்போட்டது. “ரிட்டயராக ஆறு மாசம்தான் இருக்கு. இந்த வயசுல என்னங்க கூத்து இது?”

“அடச்சே! வண்டுடி. புது இன வண்டு!”

அருங்காட்சியகத்தின் பூச்சித்துறைக்கு அவர் தலைவர். முப்பத்திரண்டு வருஷம் உட்கார்ந்ததில் நாற்காலியில்தான் அவருடைய தடம் விழுந்திருந்ததே தவிர, ஒரு புழுவுக்குக்கூட அவர் பெயர் விழவில்லை. இப்போது மேசைமேல் ஊசியில் நின்றது அந்தப் பாக்கியம்: நீலக் கறுப்பில் ஒல்லி உடம்பு, உடம்பைப்போல இரண்டு மடங்குக்கு உணர்கொம்பு.

கண்டுபிடித்தது அவரா? அந்த மாதிரி வேலையெல்லாம் அவர் வைத்துக்கொள்வதில்லை. துறையில் உதவி ஆய்வாளராக இருந்த பெண், லாரிக்காரர் ஒருவர் கொண்டுவந்து போட்ட பட்ட மரத்துண்டைக் கூண்டுக்குள் வைத்து ஒரு வருஷம் காத்துக் கிடந்தாள். வெளியே வந்த வண்டுகளின் கொம்பில் ஒவ்வொரு கணுவாகக் கண் பூத்துப்போக எண்ணி, படம் வரைந்து, கட்டுரையும் எழுதினாள்.

தலைவரின் உழைப்பும் அதில் உண்டு. அவள் பெயரை அடித்தார்.

“உன் ஒப்பந்தம் இந்த வருஷத்தோட முடியுதில்ல? நான்தானேம்மா கையெழுத்துப் போடணும்?” என்றார், பாசமாக.

அவள் சண்டைக்கு நிற்கவில்லை. “சரி சார். ஆனா அனுப்புறதுக்கு முன்னாடி, கூண்டுல ஒண்ணு கவனிச்சேன்…”

“கவனிக்கறதெல்லாம் அப்புறம் கவனி. நம்ம தொழில்ல ஒரே சட்டம்தான். ஒரு பூச்சிக்கு எந்தப் பேர் முதல்ல அச்சுல வருதோ, அதுதான் நிக்கும். பின்னாடி வர்றதெல்லாம் செல்லாக்காசு. நாம நோண்டிக்கிட்டே இருந்தா வேற எவனாவது முந்திக்குவான்.”

“அதுக்குத்தான் சார் சொல்ல வந்தேன்…”

“உனக்குத்தான் ஒரு வண்டை விட்டுக் கொடுத்தேனே! இன்னும் என்ன?”

விட்டுக் கொடுத்தார்தான். அதே மரத்துண்டிலிருந்து வந்த இன்னொன்று. பழுப்பு நிறம், தடித்த உடம்பு, கட்டைக் கொம்பு. இந்த மூஞ்சிக்கு ஒரு கட்டுரையா என்று, படிக்காமலே அனுமதிக் கையெழுத்தைக் கிறுக்கித் தள்ளியிருந்தார். அவள் அதற்கு மரம் கொடுத்த லாரிக்காரரின் பெயரை வைத்து, யாரும் புரட்டாத ஒரு சின்ன ஆய்விதழில் வெளியிட்டாள்.

இதழ் கைக்கு வந்த அன்று தலைவர் வயிறு வலிக்கச் சிரித்தார். “லாரிக்காரன் பேரா! உன் வண்டு ஹாரன் அடிக்குமா?”

தன் வண்டுக்கு அப்படி அற்பமாகப் பெயர் வைக்க அவரால் முடியுமா? தன் பெயரைத் தானே வைத்துக்கொள்வது இந்தத் தொழிலில் அழகில்லை என்பார்கள். தலைவர் அழகு தெரிந்தவர். தன் தாத்தா பெயரை வைத்தார். தாத்தா பெயரைத்தான் அவருக்கும் வைத்திருந்தார்கள்.

பெரிய இதழில் கட்டுரை வந்தது. அருங்காட்சியகக் கூடத்தில் பாராட்டு விழா. அன்று காலை பெருந்தன்மை பொங்கிவர, அவளுடைய ஒப்பந்தத்திலும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். விழாவில் அவளுக்கு ஒரு பொறுப்பும் கொடுத்தார்: கேள்வி கேட்பவர்களிடம் மைக்கைக் கொண்டுபோய் நீட்டுவது.

மேடையில் ஆளுயரத்துக்கு வண்டின் படம். முதல் வரிசையில் மனைவி, மாப்பிள்ளை, சம்பந்தி.

“வருஷக்கணக்கா நானே உட்கார்ந்து ஒவ்வொரு காலா எண்ணினேன்,” என்று தலைவர் தழுதழுத்தார். சம்பந்தி கண்ணைத் துடைத்துக்கொண்டார். வண்டுக்கு ஆறு கால் என்பது ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரியுமே என்று யாரும் கேட்கவில்லை.

வெளியூரிலிருந்து வந்திருந்த வண்டு நிபுணர் கை தூக்கினார். அவள் மைக்கை நீட்டினாள்.

“பிரமாதமான கட்டுரை. ஒரே ஒரு சந்தேகம். நீங்க காட்டின ஏழு வண்டும் ஆணா இருக்கே, இதோட பெண் எங்கே?”

ஏழும் ஆண் என்பதே தலைவருக்கு அப்போதுதான் தெரியும். படத்தைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார், கடைசியில் அவளைப் பார்த்தார்.

“இந்த மாதிரிச் சில்லறை வேலையெல்லாம் எங்க பொண்ணு பார்த்துக்கும். ஏம்மா, ஐயாவுக்குச் சொல்லும்மா!”

அவள் மைக்கைத் திரும்ப வாங்கிக்கொண்டாள்.

“பெண்ணுக்குத்தான் நாலு மாசம் முன்னாடியே லாரிக்காரர் பேர் வச்சாச்சே சார்!”