டெய்லர் மாட்டிய லிங்க்

"பக்கெட்டை அங்க வெச்சது நான்தான், ஒத்துக்கறேன். கார் அது மேல உட்காரும்னு நான் கனவா கண்டேன்?" என்றார் டெய்லர்.

ஜாக்கில் தூக்கி நிறுத்திய கார் வழுக்கி இறங்கியிருந்தது. அதன் அடியில் மனைவியின் நீலப் பக்கெட் தட்டையாகக் கிடந்தது.

"பக்கெட் போய்த் தொலையட்டும். அந்த இடத்துல உங்க தலை இருந்திருந்தா?"

"பக்கெட் தப்பிச்சிருக்கும்."

மனைவி சிரிக்கவில்லை. "பேசாம எங்கண்ணன் ஷெட்டுக்கு..."

"அந்த ஷெட்டு வாசலை என் டயர் மிதிக்காது."

ஒரு மாதமாக, வேகத்தடையில் ஏறி இறங்கும்போதெல்லாம் காரின் முன்பக்கம் டொக் டொக் என்று சத்தம். சக்கரத்துக்குப் பின்னால் லிங்க் என்று ஒரு கம்பி இருக்கிறது. அதன் மூட்டுகள் தேய்ந்துவிட்டன. இரண்டு பக்கமும் புதிது மாட்டினால் சரி. மாட்டத் தெரிந்தவர் மனைவியின் அண்ணன், மெக்கானிக்.

ஆனால் போன வருடம், சொந்தக்காரர்கள் எல்லாரும் கூடியிருந்த இடத்தில், "ஊசி பிடிக்கிற கைக்கு ஸ்பேனர் எதுக்கு மாப்ளே?" என்று கேட்டுவிட்டார் மச்சான். எல்லாரும் சிரித்தார்கள். மனைவியும் சிரித்தாள். மற்றவர்களை டெய்லர் மன்னித்துவிட்டார். அன்றோடு அந்த வீட்டுக்குப் போக்குவரத்து நின்றது.

நேற்று பந்தயம் கட்டியாயிற்று. இன்று சாயங்காலத்துக்குள் சத்தம் நிற்காவிட்டால், மனைவியே காரை அண்ணன் ஷெட்டுக்கு ஓட்டிப் போவாள். நின்றுவிட்டால், இனி இந்த வீட்டில் அண்ணன் பேச்சையே எடுக்க மாட்டாள்.

மனைவி நசுங்கிய பக்கெட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். நெடுநேரம் கழித்துப் பக்கத்து வீட்டுப் பக்கமிருந்து வந்தாள். கையில் முக்காலி போல ஒரு இரும்பு ஸ்டாண்டு.

"பக்கத்து வீட்டு டிரைவர்கிட்ட இருந்துச்சு. ஜாக்கை மட்டும் நம்பாம இதையும் முட்டுக் குடுக்கணுமாம். பின்சக்கரத்துக்குக் கல்லு வைக்கணுமாம்."

"பார்த்தியா? பஸ் ஓட்டுற மனுஷன், என் உசுரைப் பத்தி யோசிக்கிறார். உங்கண்ணனா இருந்தா டிக்கெட் போட்டு வேடிக்கை காட்டியிருப்பான்."

ஆளுயரக் காம்பவுண்டுச் சுவருக்கு அந்தப் பக்கம் யாரோ இருமினார்கள்.

"மெதுவாப் பேசுங்க."

"ஏன் மெதுவா? என் வீடு, என் காரு, என் மச்சான். ஊருக்கே கேட்கட்டும்."

சக்கரம் கழன்றது. லிங்க் கண்ணில் பட்டது. டெய்லர் அதை இன்ச் டேப்பால் அளந்தார். எதற்கென்று அவருக்கே தெரியாது, கைப்பழக்கம். பிறகு நட்டில் ஸ்பேனரை மாட்டித் திருகினார். நட்டு சுற்றியது. கூடவே போல்ட்டும் சுற்றியது. காஜா எடுத்த சட்டையெல்லாம் அவர் மனக்கண்ணில் வந்துபோகும் அளவுக்குத் திருகியும், நட்டு இருந்த இடத்திலேயே இருந்தது.

மனைவி மறுபடி பக்கத்து வீட்டுப் பக்கம் போய் வந்தாள். கையில் ஆலன் கீ என்கிற வளைந்த ஆறுபட்டைக் கம்பியும், துரு இளக்கும் எண்ணெயும்.

"எண்ணெய் அடிச்சு ஊற விடணுமாம். அப்புறம் இதைப் போல்ட்டோட நடு ஓட்டையில விட்டுப் பிடிச்சுக்கிட்டு, நட்டை மட்டும் திருப்பணுமாம்."

செய்தார். நட்டு முனகிக்கொண்டே கழன்றது.

"டிரைவர்னா டிரைவர்! கேட்காமலே குடுக்கிறார். ஒரு சொல் குத்திக்காட்டினாரா? உங்கண்ணனும் இருக்கானே, ஒரு ஸ்பேனரைக் கையில எடுத்துட்டா அரசாங்கமே அவன்தான்னு நெனப்பு."

சுவருக்கு அந்தப் பக்கம் இருமல் பலமாக வந்தது.

"பாவம், டிரைவருக்குச் சளி பிடிச்சிருக்கு. வெந்நீர் குடிக்கச் சொல்லு," என்றார் டெய்லர்.

"சொல்றேன்," என்றாள் மனைவி. அவள் முகம் ஒரு மாதிரி இருந்தது.

இரண்டு பக்கமும் புது லிங்க் ஏறியது. கடைசி நட்டை இறுக்கி முடித்ததும், துணியில் போடுவது போல அதன் மேல் சாக்பீஸால் ஒரு கோடு போட்டார் டெய்லர். கோடு நகர்ந்தால் நட்டு தளர்ந்துவிட்டது என்று அர்த்தம். அந்த யோசனை முழுக்க முழுக்க அவருடையது.

மனைவியைப் பக்கத்தில் உட்காரவைத்துத் தெருமுனை வரை ஓட்டினார். முதல் வேகத்தடை. இரண்டாவது. வேண்டுமென்றே திரும்பி வந்து இன்னொரு தடவை. சத்தமே இல்லை.

வீட்டு வாசலில் இறங்கிக் கதவை அறைந்து சாத்தினார். "ஊசி பிடிக்கிற கைதான். எவன் தயவும் இல்லாம மாட்டுச்சு. இனிமே இந்த வீட்டுல உங்கண்ணன் பேச்சு கிடையாது. சரியா?"

மனைவி தலையாட்டினாள். கண் கலங்கியிருந்தது. அதைப் பார்த்ததும் டெய்லருக்கு ஜெயித்த ருசி பாதி போய்விட்டது.

"சரி, விடு," என்று குரலை இறக்கினார். "டிரைவரைக் கூப்பிடு. ஒரு டீயாவது குடிச்சிட்டுப் போகட்டும்."

"வேணாங்க."

"ஏன்?"

"அவருக்கு வேலை இருக்கும்."

"இவ்வளவு நேரம் இல்லாத வேலையா? என்னம்மா மழுப்புறே? நேராச் சொல்லு."

"பந்தயத்துல தோத்துட்டேன். சொல்லக் கூடாது."

"நான் கேட்கிறேன், சொல்லு."

மனைவி புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு சுவரைப் பார்த்தாள்.

"டிரைவர் வெளியூர் போய் ரெண்டு நாளாச்சு. பக்கெட் நசுங்கினதும் பயந்துபோய் எங்கண்ணனுக்குத்தான் போன் பண்ணேன். 'என்னைப் பார்த்தா பாதியில விட்டுடுவாரு, மாப்ளே கையாலேயே முடியட்டும்'னு அப்போலருந்து சுவருக்கு அந்தப் பக்கம் நின்னுக்கிட்டு ஒண்ணொண்ணா எடுத்துக் குடுத்துட்டிருக்காரு."