நான்காவது டேக்

நவம்பர் 13, புதன்.

தவறான டேக்கை அனுப்பிவிட்டேன். ஒன்பதாவதை அனுப்பியிருக்க வேண்டும். போனது நான்காவது.

அனுப்பியது போன வியாழன். இன்று மதியம்தான் தெரிந்தது.

எப்படி நடந்தது என்று எழுதி வைக்கிறேன். மறுபடி நடக்கக் கூடாது.

தொலைக்காட்சித் தொடர் ஒன்றுக்கான தேர்வு. வீட்டிலேயே நடித்துப் படம்பிடித்து அனுப்பச் சொல்லியிருந்தார்கள். இந்த மூன்று வருடங்களில் எனக்குக் கிடைத்த வேடங்கள்: நோயாளி 3, பீட்சா கொண்டுவருபவன், பேருந்தில் தூங்குபவன். இந்தப் பாத்திரத்துக்குப் பெயர் இருக்கிறது.

நீல்.

நீல் தன் தகப்பனுக்குப் போன் எடுக்கிறான். வான்கூவரில் வேலை கிடைத்திருக்கிறது, போகப்போகிறேன் என்று சொல்ல வேண்டும். தகப்பன் திரையில் வருவதில்லை. குரல் மட்டும். ஆறு வரிகள்.

அந்த ஆறு வரிகளை வாசிக்க ஓர் ஆள் வேண்டும்.

நான் வாடகைக்கு இருக்கும் பேஸ்மன்ட்டில் நான் மட்டும்தான்.

ஆகவே நானே வாசித்தேன். என் வசனங்களுக்கு இடம் விட்டு, பழைய போனில் பதிவு செய்தேன். எவ்வளவு இடம் என்பதை ஸ்டாப்வாட்ச் வைத்து அளந்தேன். வயதான ஒருவரின் குரல் வேண்டும். எனக்குச் செய்ய வருவது ஒன்றுதான். தொண்டையை இறுக்க வேண்டும். ஒவ்வொரு சொல்லின் கடைசியையும் விழுங்க வேண்டும்.

பழைய போன் பேசியது. புதிய போன் படம்பிடித்தது.

நீலின் நீளமான வசனத்துக்குப் பதினொரு விநாடி தேவை. நான் விட்டிருந்தது ஏழு. முதல் மூன்று டேக்கிலும் பதற்றத்தில் வேகமாகப் பேசியதால் தெரியவில்லை. நான்காவதில் நிதானமாகப் பேசினேன்.

பாதியில் இருந்தபோது குரல் குறுக்கே வந்தது.

வீட்டுக்கு எப்போது வருகிறாய்?

ஆங்கிலத்தில்தான். ஆனால் என் அப்பாவுடைய ஆங்கிலம்.

இடைவெளியைத் திருத்தினேன். இன்னும் ஐந்து டேக் எடுத்தேன். ஒன்பதாவதில் ஒரு பிசகும் இல்லை. அனுப்பும்போது பட்டியலில் நான்காவதைத் தொட்டிருக்கிறேன்.

இன்று மதியம் பிரவீனா அக்கா அழைத்தார். என் ஏஜென்ட்.

"டேய் சாருஜன், திரும்பக் கூப்பிட்டிருக்கினம். வெள்ளிக்கிழமை ரெண்டு மணி, வீடியோவில. அதுசரி, வாசிச்ச மனுசன் ஆர்?"

பதிலுக்குக் காத்திராமல் தொடர்ந்தார்.

"அந்தாள் குறுக்க விழுந்த இடத்தில உன்ர முகத்தை டிரெக்டர் ரெண்டாந்தரம் போட்டுப் பார்த்தவராம். அதைத்தான் நேரில பார்க்கோணுமாம். அந்தாளையே போனில வைச்சுக்கொள், என்ன?"

"ஓமக்கா."

"அவருக்கும் ஏஜென்ட் வேணுமோ எண்டு கேள்."

சிரித்தார். நானும் சிரித்தேன். ஆள் யாரென்று சொல்லவில்லை. அதுவும் தவறு.

நான்காவது டேக்கைப் பார்த்தேன். குரல் குறுக்கே வந்ததும் என் வாய் திறந்தபடி நிற்கிறது. பிறகு மூடுகிறது. பிறகு, கையிலுள்ள போனுக்குத் தலையாட்டுகிறேன். சரி என்பதுபோல்.

தலையாட்டியது எனக்கு நினைவில்லை.

மாலை நடிப்பு வகுப்பில், தகப்பனின் வரிகளை வாசிக்கச் சொல்லி மார்லனிடம் உதவி கேட்டேன். பக்கத்து நாற்காலி. நல்லவன். தாழ்வாரத்துக்குப் போய், அங்கிருந்து எனக்குப் போன் எடுத்தான். நான் முடிக்கும்வரை மரியாதையாகக் காத்திருந்தான்.

என் பேச்சைப் பாதியில் வெட்டு என்றேன். எந்தச் சொல்லில் என்று கேட்டான். சொன்னேன். அந்தச் சொல்லில் வெட்டினான். அது வருவது எனக்குத் தெரிந்திருந்தது. என் முகத்துக்கும் தெரிந்திருந்தது.

உனக்குத் தோன்றும் இடத்தில் வெட்டு என்றேன். வெட்டினான். வெட்டிவிட்டு, "ஸாரி" என்றான்.

பஸ்ஸில் யோசித்துக்கொண்டே வந்தேன்.

போன வருடம் செப்டம்பரில் அப்பாவுக்குப் போன் எடுத்தேன். கல்லூரியை விட்டுவிட்டேன், ஏன் விட்டேன் என்றால், என்று தொடங்கினேன். எழுதி வைத்துத்தான் பேசினேன். ஒரு பக்கம் இருந்தது. முதல் வரியிலேயே அப்பா குறுக்கே வந்தார்.

"சரி, வை. வேலையில நிக்கிறன்."

வைத்தேன். பிறகு நான் எடுக்கவில்லை. அவரும் எடுக்கவில்லை. பதினான்கு மாதம்.

அஜாக்ஸ் நகரில் கார் இருக்கை செய்யும் தொழிற்சாலையில் வேலை செய்கிறார். காலை இடைவேளை பத்தேகால். பத்தொன்பது வருடமாக அதே நேரம்.

என் எண்ணைப் பார்த்தால் எடுப்பாரா, தெரியவில்லை. எடுத்தால், நடிப்புக்காக ஆறு வரி வாசிக்கச் சொல்லி எப்படிக் கேட்பது? மூன்று விதமாக எழுதி, சத்தமாகச் சொல்லி, நேரம் பார்த்தேன். மிகச் சிறியது ஐந்து விநாடி.

ஐந்து விநாடி அவருக்கு அதிகம்.

நாளை, வியாழன். காலை 10.15. அப்பாவுக்குப் போன் எடுக்க வேண்டும். வெள்ளி இரண்டு மணிக்கு வீட்டில் இருப்பாரா என்று கேட்க வேண்டும். ஆறு வரிகளையும் பெரிய எழுத்தில் அனுப்ப வேண்டும். எந்த இடத்தில் வெட்டுவது என்று சொல்லிக்கொடுக்கக் கூடாது.