செல்லுமா, செல்லாதா?

"உங்க டீச்சர் ட்ரெயினிங் சர்டிபிகேட் பத்தி மொட்டைக் கடுதாசி வந்திருக்கும்மா. நான் எப்படி ஆர்டர்ல கையெழுத்துப் போடறது?"

டவுன்ஷிப் பள்ளியின் அலுவலக அறையில், சூப்பிரண்டு மதிவாணன் அந்தக் காகிதத்தை மேசையில் தள்ளினார். ஜெனிஷா அதைத் தொடவில்லை.

"எழுதினது யாருன்னு தெரியும் சார். எங்க முத்தாண்டிக்குப்பத்து ஆளுங்கதான். நான் நெய்வேலிக்கு பஸ் ஏறினாலே அவங்களுக்கு வயிறு எரியும்."

"எரியட்டும். எனக்கு ஒரே கேள்விதான். ரெண்டு வருஷம் படிச்சீங்களே, அந்த ட்ரெயினிங் செல்லுமா, செல்லாதா?"

"அதைக் கேட்டுத்தான் சார் ஆறு வருஷம் கோர்ட்டுக்கு நடந்தோம், நாப்பது பேரு. அங்கீகாரம் இருக்குன்னு ட்ரெயினிங் ஸ்கூல் வாசல்ல போர்டு மாட்டிக்கினு சேத்தாங்க. பரீட்சை எழுதி பாஸ் பண்ணினப்புறம், அங்கீகாரம் எப்பவோ ரத்தாயிடுச்சுன்னு கவர்மென்ட்டு சொல்லுது. அவங்க போர்டு மாட்டுவாங்களாம், நாங்க நாசமாப் போவணுமாம்."

"கோவப்படாதீங்க. கேஸு நடக்குதுன்னா நான் காத்திருக்கணும். எனக்கு ரிட்டயர்மென்ட்டுக்கு எட்டு மாசம்தான் இருக்கு. நாளைக்கு எவனாவது மேல புகார் பண்ணா, என் கழுத்துக்குத்தான் கத்தி."

"உங்களுக்கு எட்டு மாசம். எங்கப்பா இருபத்தேழு வருஷம் மைன்ஸ்ல கான்ட்ராக்ட்டாவே வேலை பாத்து, பெர்மனென்ட் ஆவாமலே செத்தாரு. அம்மா முந்திரி உடைச்சி உடைச்சி, கொட்டைப் பால் பட்டு கையில தோலே இல்ல. இந்த வேலை கெடைச்சாத்தான் அவங்கள வூட்டுல உக்கார வெக்க முடியும்."

மதிவாணன் ஜன்னல் பக்கம் பார்த்தார். "புரியுது. ஆனா ரூலுன்னு ஒண்ணு இருக்கே?"

"கேஸ் முடிஞ்சிடுச்சு சார். மே மாசமே தீர்ப்பு வந்துடுச்சு."

"அதை மொதல்ல சொல்லக் கூடாதா!"

அவள் பையிலிருந்து ஒரு காகிதக் கட்டை எடுத்து நீட்டினாள். "கோர்ட்டு முத்திரையோட இருக்கு. பதினோராவது பக்கம். மனசுக்குள்ளயே படிங்க, போதும்."

அவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படித்தார். வரி வரியாக, விரலை வைத்து. முகம் தெளிந்தது.

"இது போதும்மா! இனிமே எவன் எழுதினாலும் குப்பையில போட்டுடுவேன். நீங்க திங்கக்கிழமையே எல்.கே.ஜி. பிளாக்குக்கு வந்துடுங்க."

ஜெனிஷா எழவில்லை. "ஒருவேளை தீர்ப்பு வேற மாதிரி வந்திருந்தா சார்?"

"அப்புறம் எங்க வேலை? இவ்வளவு தூரம் பேசியே இருக்க மாட்டேன். என்னம்மா, சந்தோஷமான நேரத்துல மூஞ்சிய இப்படி வெச்சிருக்கீங்க?"

மதிவாணன் கோப்பைத் திறந்து, எழுதுவதை வாய்விட்டுப் படித்துக்கொண்டே எழுதினார்:

"விண்ணப்பதாரரின் ஆசிரியர் பயிற்சி செல்லாது என்று நீதிமன்றமே தீர்ப்பளித்துள்ளது. எனவே இவர், விதி கேட்கிறபடியே, பிளஸ் டூவுக்கு மேல் படிக்காதவராகிறார். குழந்தைகளின் கழிவறையைச் சுத்தம் செய்யும் ஆயா வேலைக்கு முழுத் தகுதி உடையவர்."