கையெழுத்துக்கு முன்

முல்லைக்கொடியின் கீழே வாளால் வெட்டுண்டும், வெட்டியவனுக்கே அருள் சுரந்த திருமுல்லைவாயில் மாசிலாமணி ஈசனை முதலில் வணங்குகிறேன். அவன் சந்நிதியில் அவனுக்கே முதுகு காட்டி நிற்கும் நந்தியையும் வணங்குகிறேன். அடியவனைக் காக்கப் புறப்பட்டதனால் அல்லவோ அது அவ்வாறு திரும்பி நிற்கிறது!

"அந்தப் பேனாவைக் கீழ வைம்மா!"

அம்பத்தூர் தொழிற்பேட்டையில் உதிரிபாகம் செய்யும் ஒரு கம்பெனி. ஆள் எடுக்கும் பிரிவின் அதிகாரி ரவிச்சந்திரன் போட்ட அதட்டலில், ஒப்பமிடக் குனிந்திருந்த நசீம் பானு திடுக்கிட்டு நிமிர்ந்தாள்.

சோதனைகள் எல்லாம் முடிந்து அவள் தேறியிருந்தாள். 'நான் அளித்துள்ள சான்றிதழ்கள் அனைத்தும் செல்லத்தக்கவை' என்னும் உறுதிமொழித் தாளில் ஒப்பமிடுவது ஒன்றே பாக்கி. இட்டால், தர ஆய்வாளர் வேலை. பாடியில் ஒரு தொழிற்சாலையின் பேக்கிங் பிரிவில் நாள் முழுதும் நின்றே வீங்கிய கால்கள் இனி உட்காரலாம். ஆய்வாளர்கள் அணியும் நீலக் கோட்டில் அம்மாவைப் படம் பிடிக்க வேண்டுமென்று மகள் ஜோயா காலையிலேயே சொல்லி அனுப்பியிருந்தாள்.

"இந்த டிப்ளோமா தபால்ல படிச்சதா?"

"ஆமா சார். ஞாயித்துக்கிழமை மட்டும் கிளாஸ். மூணு வருஷம்..."

ரவிச்சந்திரன் தாளைப் பிடுங்கினார். அவள் கண்ணெதிரிலேயே கிழித்துக் குப்பைக் கூடையில் போட்டார்.

"தபால்ல படிச்சவங்க தபால் ஆபீஸுக்குப் போங்க! இங்க எதுக்கு வர்றீங்க?"

வெளியே முறைக்குக் காத்திருந்தவர்கள் சிரித்தார்கள். அவர் எழுந்து வாசலுக்கே வந்து, இன்னும் உரக்கக் கத்தினார்.

"தொழில்நுட்ப டிப்ளோமாவைத் தபால்ல படிச்சா வேலைக்குச் செல்லாது. கோர்ட்டே சொல்லியாச்சு! வேற யாராவது இருந்தா மரியாதையா இப்பவே கிளம்புங்க!"

சிரித்தவர்களில் இருவர், சிரிப்பு உறைந்த முகத்தோடு, பையைத் தூக்கிக்கொண்டு மெல்ல நழுவினார்கள்.

"சேரும்போது செல்லும்னுதான் சார் சொன்னாங்க. இன்ஸ்டிடியூட் வாசல் போர்டுலயே எழுதிப் போட்டிருந்தாங்க."

"போர்டு எழுதினவன்கிட்டயே போய் வேலை கேளு."

"எனக்கு வேலை தெரியும் சார். இப்ப நீங்களே பார்த்தீங்களே..."

அவர் அவளுக்கு முதுகைக் காட்டி, ஜன்னலைப் பார்த்து நின்றுகொண்டார்.

வாசலில், துணைக்கு வந்திருந்த தோழி சரசா ஓடிவந்தாள். பேக்கிங்கில் அவள் பக்கத்திலேயே நிற்பவள்.

"இன்னாக்கா, கோட்டு குட்த்தாங்களா?"

நசீம் பானு சொல்லி முடிப்பதற்குள் சரசாவின் முகம் சிவந்தது.

"தபால் ஆபீஸுக்கா போவச் சொன்னான்? அவன் ஊடு வெளங்குமா? வா, உள்ள பூந்து நாக்கைப் புடுங்கிக்கிற மாரி நாலு கேக்கறேன்!"

"வேணாம் சரசா. கேட்டா மட்டும் செல்லிடுமா?"

இருவரும் எதிரிலிருந்த நிறுத்தத்தில் அமர்ந்தார்கள். பூந்தமல்லிப் பேருந்து வந்தது. நசீம் பானு எழவில்லை. அடுத்ததும் போயிற்று. ஜோயாவின் முகத்தில் எப்படி விழிப்பது என்று அவளுக்குத் தெரியவில்லை.

வேலை விடும் சங்கு ஒலித்தது. கூட்டமெல்லாம் போன பிறகு, கடைசியாக ரவிச்சந்திரன் வந்தார். காவலாளி அவர் பையைத் திறந்து பார்த்தான். பிறகு, தலையைக் குனிந்தபடி, அவர் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையைக் கேட்டு வாங்கிக்கொண்டான்.

சாலையைக் கடந்து அவர் நிறுத்தத்துக்கே வந்ததும், சரசா எழுந்தாள்.

"இன்னா சாரு, தபால் வண்டிக்கு நிக்கறியா?"

அவர் கோபிக்கவில்லை. நசீம் பானுவைப் பார்த்துத்தான் பேசினார்.

"நீங்க கையெழுத்துப் போட்டிருந்தா, சான்றிதழைச் சரிபார்க்க வெளிய அனுப்புவாங்கம்மா. 'பொய்த் தகவல்'னு எழுதி வரும். அப்புறம் எந்தக் கம்பெனியும் உங்களைச் சேர்க்காது. பாடி வேலையும் நிலைக்காது."

"அத்த நல்ல மாரி சொன்னா இன்னாவாம்?"

"நல்லமாதிரி சொன்னா அழுவாங்க. ஒருவேளை தப்பிச்சுக்கலாம்னு நினைச்சு, போட்டும் கொடுத்துடுவாங்க. நான் கத்தலேன்னா வெளிய இருந்த அந்த ரெண்டு பேரும் போயிருக்க மாட்டாங்க."

சரசா மெல்ல உட்கார்ந்தாள்.

மறுபடியும் ஒரு பூந்தமல்லிப் பேருந்து வந்து, நின்று, போயிற்று.

"உங்களுக்கு எந்த பஸ் சார்?" என்றாள் நசீம் பானு.

"இப்பப் போச்சே, அதான்."

"ஏறலியா?"

"வீட்ல இன்னும் சொல்லலம்மா." அட்டை இல்லாத கழுத்தைத் தடவிக்கொண்டார். "நான் இங்க சேர்ந்ததும் இதே டிப்ளோமாவைக் காட்டித்தான். எனக்கும் ஞாயித்துக்கிழமை கிளாஸ்தான். பழைய ஆளுங்க சான்றிதழையெல்லாம் போன மாசம் சரிபார்த்தாங்க. இன்னியோட அனுப்பிட்டாங்க."

நசீம் பானு சற்று நகர்ந்து, அவர் உட்கார இடம் விட்டாள்.

"நான் கையெழுத்துப் போட்ட அன்னிக்கு," என்றார் அவர், "தாளைப் பிடுங்க யாரும் இல்லம்மா."

இதைக் கேட்டோர் அனைவரையும் மாசிலாமணி ஈசன் காத்தருள்க! அறியாமல் ஒப்பமிடக் குனியும் வேளையில், உங்கள் தாளையும் பறித்துக் கிழிக்க ஒரு கை வாய்க்கட்டும்.