காதலில் மாட்டாத ரூபேந்திரன்

கூலாயிலிருந்து பாலோ வரைக்கும் இருந்த கல்யாணத் தரகர்களையெல்லாம் தலைதெறிக்க ஓடவிட்டு, அறுபது வயதிலும் பிரம்மச்சாரியாகவே இருந்தார் ரூபேந்திரன். கிபாயத்துல்லா கடையில் நாலு ரொட்டி சானாயை முடித்துவிட்டு ஏப்பத்தோடு வீடு திரும்பியவரிடம், பக்கத்து வீட்டு லோஷினி போனை நீட்டினாள்.

“புது கேம் அங்கிள். காதல்ல மாட்டக்கூடாது. மாட்டினா அவுட்.”

“எனக்கேவா? குடு லா.”

திரையில் ஒரு பெண் வேலை முடிந்து வந்தாள். அவளிடம் என்ன பேசலாம் என்று மூன்று வரிகள் தெரிந்தன. ரூபேந்திரன் மரியாதையான வரியைத் தொட்டார்: ‘சாப்டீங்களா?’

திரை முழுக்க இதயங்கள் பறந்தன. அவுட்.

அடுத்த ஆட்டத்தில் அவள் மழையில் நனைந்து வந்தாள். அப்போதும் அதையே கேட்டார். அவுட். அதற்கடுத்து பஸ்ஸைத் தவறவிட்டு நின்றாள். அப்போதும் அதையே கேட்டார். இந்த முறை கெட்டிமேளமே கொட்டிவிட்டது.

“கேம்ல கோளாறு. சாப்டீங்களான்னு கேட்டா காதலா? நம்மாளுங்க எல்லாரையும் கேக்கறதுதானே.”

“ஒருதடவை கேட்டா மரியாதை அங்கிள். தினமும் கேட்டா?”

அந்நேரம் லோஷினியின் அம்மா ராஜம்மா மூடிய கிண்ணத்தோடு வேலியோரம் வந்து நின்றார். கணவர் காலமான பிறகு, நாலு வருடமாக எல்லாக் காலையிலும் கேட்பதையே அன்றும் கேட்டார்.

“சாப்டீங்களா?”

லோஷினி போனைத் திரும்ப வாங்கிக்கொண்டாள்.

இத்தனை காலமும் ‘ஆச்சுங்க’ என்று சொல்லியே தப்பித்து வந்தவர் ரூபேந்திரன். இன்றைக்கு அதற்கு நாலு ரொட்டி சானாய் சாட்சி வேறு.

“இன்னும் இல்லங்க,” என்றார்.